லயத்துக்குப் பூசிய பச்சை

எங்கள் தோட்டத்தைப் படம் வரைய வந்த ஐயா, வந்த அன்றைக்கே என் அம்மாவிடம் வாங்கிக் கட்டிக்கொண்டார். அவர் கேட்டதில் ஒரு தப்பும் இல்லை. "இந்த லயத்தைச் சுத்தி ஏன் ஒரு மரமும் இல்லை?" என்றுதான் கேட்டார். குடும்பத்துக்கு ஒரு காம்பராவாக, தோட்டத்து ஆட்கள் குடியிருக்கிற அறை வரிசைதான் லயம். றப்பர்ப் பால் வெட்டிவிட்டு வந்து, ஊற்றிலிருந்து வழிந்துவரும் பீலித் தண்ணீரில் வாளியைக் கழுவிக்கொண்டிருந்த அம்மாவுக்குச் சுள்ளென்று ஏறிவிட்டது.

"மரம் வெக்க வுட்டாத்தானே ஐயா! நாங்க என்னா, ஆசையில்லாமயா மொட்ட வெயில்ல கெடக்கோம்?"

ஐயா திகைத்துப்போய் என்னைப் பார்த்தார். அவர் யாழ்ப்பாணத்துக்காரர். அம்மா கோபத்தில் பேசினால் அவருக்குப் பாதிதான் விளங்கும். மீதியை நான்தான் சொல்ல வேண்டும். நல்லவேளை, அன்றைக்கு அவள் சொன்னதில் பாதியை நான் சொல்லாமல் விட்டேன்.

அது எழுபதுகளின் தொடக்கம். தெஹியோவிட்டவில் பஸ் இறங்கி மேலே ஏறி நடக்க வேண்டிய சின்ன றப்பர் தோட்டம் எங்களுடையது. எங்களுடையது என்று வாய் தவறி எழுதிவிட்டேன். கொழும்பில் இருந்த ஒரு முதலாளியுடையது. புதுக் காணிச் சட்டம் வந்து, அவருடைய தோட்டத்தை அரசாங்கம் எடுத்துக்கொண்டது. தோட்டத்தை நடத்திய துரை பெட்டியைக் கட்டிக்கொண்டு போய்விட்டார். தோட்டத்தில் ஒரு பகுதியைத் துண்டு போட்டுப் பக்கத்துச் சிங்களக் கிராமத்து ஆட்களுக்குக் கொடுக்கப் போகிறார்கள் என்று கதை அடிபட்டது. அப்படியானால் லயத்தில் இருக்கிற நாங்கள் என்ன ஆவோம்? அதை யாரும் சொல்லவில்லை. அந்த ஒரு கேள்வியோடுதான் நாங்கள் தூங்கினோம், அதோடுதான் எழுந்து, பெயர் கூப்பிட்டு வேலை பிரிக்கிற பெரட்டுக்குப் போனோம்.

நான் அப்போது தோட்டப் பள்ளிக்கூடத்தில் படிப்பித்துக்கொண்டிருந்தேன். கிராமத்துப் பிள்ளைகளோடு ஓடி விளையாடி வளர்ந்ததால் சிங்களம் தண்ணீர் மாதிரி வரும். ஐயாவின் சிங்களமோ பஸ்ஸில் டிக்கெட் எடுக்கத்தான் காணும். அதனால் பள்ளி விட்ட பிறகு அவரோடு அளவு நாடாவைப் பிடித்துக்கொண்டு மலை மலையாக ஏறி இறங்குவது என் வேலையாயிற்று.

அவர் வெறும் சர்வேயர் இல்லை. ஒரு நிலத்தில் பாதை எங்கே போக வேண்டும், வீடு எங்கே வர வேண்டும், எந்த இடத்தைக் காடாகவே விட்டுவிட வேண்டும் என்று திட்டம் போடுவதற்கு ஒரு படிப்பு இருக்கிறதாம். இங்கிலாந்துக்குப் போய் அதைப் படித்துவிட்டு வந்தவர். இப்படியும் ஒரு படிப்பா என்று முதலில் எனக்குச் சிரிப்பாகத்தான் இருந்தது. கூட நடந்து பார்த்த பிறகு சிரிப்பு போய்விட்டது. அவர் மலையைப் பார்க்கிற விதமே வேறு. முதலில் தண்ணீரைத் தேடுவார். ஊற்று எங்கே, மழைக்காலத்தில் எந்தப் பக்கம் வழிந்து ஓடும் என்று கேட்டுக் கேட்டு, நீல நிறத்தில் கோடு இழுப்பார். அதற்குப் பிறகுதான் மற்றதெல்லாம். செங்குத்தான சரிவில் வீடு கட்ட விடக்கூடாது, மண் சரியும் என்பார். உச்சியில் உள்ள பழைய மரங்களைத் தொடவே கூடாது என்பார். பாறை மேல் உட்கார்ந்து மலையை நடுவால் வெட்டிப் பிளந்தது போல ஒரு படம் போடுவார். நான் பிறந்து வளர்ந்த மலைக்கு இப்படி ஒரு உருவம் இருக்கிறது என்று அந்தப் படத்தில்தான் கண்டேன். அதைப் பார்த்த அன்றைக்கு எனக்கு வந்தது சந்தோஷம் என்றுதான் சொல்ல வேண்டும்.

ஆனால் அவருக்கு ஒரு பைத்தியம் இருந்தது. கிராமத்து வீட்டுத்தோட்டப் பைத்தியம். எங்கள் லயத்துக்குக் கீழே, வயலை ஒட்டி, சிங்கள ஆட்களின் வீடுகள். ஒவ்வொரு வீட்டைச் சுற்றியும் பலா, தென்னை, கித்துள், கமுகு, அதன் கீழே கோப்பி, வாழை, மரத்தைப் பிடித்து ஏறிய மிளகு. உச்சி வெயிலில் போனாலும் குளுகுளுவென்று இருக்கும். ஐயா அங்கே போனால் திரும்பி வர மனம் இல்லாமல் நிற்பார்.

"இதுக்கு ஒருத்தரும் பிளான் கீறேல்லை, ரீச்சர். ஆனா நாங்கள் எவ்வளவு படிச்சாலும் இப்பிடி ஒண்டைக் கீற ஏலாது" என்பார்.

எனக்கு எரிச்சலாக வரும். அவர்களுக்கு நிலம் இருந்தது, நட்டார்கள். எங்களுக்கு? லயத்துக்கு முன்னால் காம்பராவுக்கு ஒரு துண்டு என்று கொஞ்சம் மண். அதில் மரவள்ளி போடலாம், கத்தரி போடலாம், மிளகாய் போடலாம். மரம் மட்டும் வைக்கக் கூடாது. மரம் வைத்தவன் பிறகு நிலத்தையும் கேட்பான் என்று துரைமாருக்குப் பயம். குப்பையில் தானாக முளைத்த மாங்கன்றைக்கூடக் கணக்கப்பிள்ளை வந்து பிடுங்கிப் போட்டுவிட்டுப் போவார். அம்மா கல்யாணம் முடித்து வந்த புதிதில் காம்பராவுக்குப் பின்னால் ஒரு பலாக்கன்று முளைத்ததாம். அதை ஓட்டைக் கூடை ஒன்றால் மூடி மூடி வளர்த்திருக்கிறாள். கன்று கூடையை விட உயர்ந்த பிறகு எப்படி மறைப்பது? பிடுங்கியும் போட்டு, அப்பாவுக்குச் சில நாள் வேலையும் கொடுக்காமல் விட்டார்கள். அப்பா செத்த பிறகும் அம்மா அந்தக் கதையைச் சொல்லும்போது கன்றைப் பற்றித்தான் சொல்வாள். வேலை போனதைச் சொல்லமாட்டாள்.

அளவெடுப்பு முடிகிற சமயம், லயத்து ஆட்கள் எல்லாரும் ஐயாவைச் சூழ்ந்துகொண்டார்கள். அவர் பள்ளிக்கூட மேசையில் படத்தை விரித்துக் காட்டினார். வயலுக்கு ஒரு நிறம், றப்பருக்கு ஒரு நிறம், கிராமத்து வீட்டுத்தோட்டங்களுக்கு நல்ல கரும்பச்சை. எங்கள் லயம் ஒரு சாம்பல் கோடு. முன்னால் உள்ள மரவள்ளித் துண்டுகளுக்கு வெளிறிப்போன ஒரு மஞ்சள். தற்காலிகப் பயிர் என்று அதற்குப் பெயராம்.

"எங்கள ஏன் ஐயா சாம்பல்ல போட்டீங்க?" என்று அம்மா கேட்டாள்.

"அம்மா, லயம் தோட்டத்தின்ர கட்டிடம். நான் அதைக் கட்டிடம் எண்டுதான் போடலாம். கட்டிடம் எண்டா நாளைக்கு இடிக்கவும் சொல்லுவினம், மாத்தவும் சொல்லுவினம்."

"அப்ப கீழ உள்ளவங்க?"

"அது வீட்டுத்தோட்டம். பச்சை எண்டா அங்க சனம் வேரோடி இருக்குது எண்டு அர்த்தம். என்ர திட்டத்தில பச்சையில ஒருத்தரும் கை வைக்கக் கூடாது எண்டு எழுதியிருக்கிறன்."

"எங்களுக்கும் அந்தப் பச்சையப் போட்டுட்டுப் போங்களேன், சாமி. என்னா கொறஞ்சு போயிரும்?"

ஐயாவின் முகம் வாடிவிட்டது. "இல்லாத மரத்தை நான் எப்பிடியம்மா போடுறது? மழை முடிய ஒருக்கா வந்து பாத்திட்டுத்தான் கடைசிப் படத்துக்கு நிறம் பூசுவன். அப்ப மரம் நிண்டாக் கட்டாயம் போடுவன்."

நடுங்கள் என்று அவர் சொல்லவில்லை. இதை நான் யாரிடமும் அடித்துச் சொல்வேன். அவர் தன் தொழிலின் முறையைச் சொன்னார், அவ்வளவுதான். ஆனால் பிறந்ததிலிருந்து மரம் வைக்காதே, வைக்காதே என்று கேட்டு வளர்ந்த சனத்தின் காதில் அது எப்படி விழும்? துரை இல்லை. தடுக்க ஒரு ஆள் இல்லை. அடுத்த ஞாயிற்றுக்கிழமை லயமே மண்வெட்டியோடு இறங்கிவிட்டது.

கன்றுகளைத் தந்தது கீழ்வீட்டுச் சிங்கள அக்கா. நல்ல மனுஷி. அவள் காணியில் பலா விழுந்து முளைத்த கன்றுகள் காடாக நின்றன. "கெனியன், கெனியன்", கொண்டுபோ கொண்டுபோ, என்று அள்ளி அள்ளிக் கொடுத்தாள். கமுகங்கன்று, கோப்பிக்கன்று எல்லாம் கொடுத்தாள். அம்மா தலையில் சுமந்து சுமந்து ஏறினாள். அவ்வளவு சந்தோஷமாக அவளை நான் கண்டதே இல்லை. பாட்டுக்கூடப் பாடினாள், பாவி மனுஷி.

நான் சண்டை பிடித்தது மரத்துக்காக இல்லை, மரவள்ளிக்காக. மரவள்ளியைப் பிடுங்கிவிட்டுக் கன்று வைக்கத் தொடங்கியிருந்தார்கள்.

"மரவள்ளி நிக்கட்டும்மா. எடையில வைங்க கன்ன. கெழங்கு இன்னும் வெரல் மொத்தம்கூட இல்ல" என்று கத்தினேன்.

"எடையில வெச்சா அந்தாளு கண்ணுக்கு எதுடி தெரியும்? மரவள்ளிதான் ஒசந்து நிக்கும். மறுபடியும் மஞ்சளப் பூசிட்டுப் போயிருவாரு."

"வயித்துக்கு என்னா செய்வீங்க?"

"ஒரு போகம் இல்லாட்டி செத்தா போயிருவோம்? படிச்ச பொண்ணுன்னு பேசாத. மண்ணு நம்மளுதுன்னு ஆன பொறகு மலையே மரவள்ளி போடலாம்."

லயம் முழுக்க அம்மாவின் பக்கம். என்னை வாயை மூடச் சொன்னார்கள். இளம் மரவள்ளிக் குச்சிகளைக் கட்டாகக் கட்டி, மழைத்தண்ணீர் ஓடுகிற கானில் வீசினார்கள். லயத்து வாசல் முழுக்கப் பலாவும் கமுகும் கோப்பியுமாக வரிசையாக நின்றன. மழையும் கை கொடுத்தது. கன்றெல்லாம் பிடித்துக்கொண்டு தளதளவென்று எழும்பிவிட்டது.

போதாத காலம் என்பார்களே, அது அதற்குப் பிறகு வந்தது. கூப்பன் அரிசியைக் குறைத்தார்கள். கோதுமை மா கண்ணில் படவில்லை. பாணுக்குத் தெஹியோவிட்டக் கடையில் விடிய முன்பு போய் நின்றாலும் வெறுங்கையோடு திரும்ப வேண்டும். தோட்டத்தைப் பார்க்க ஆள் இல்லாததால் வேலையும் ஒருநாள் உண்டு, இரண்டு நாள் இல்லை. நாடு முழுக்க மரவள்ளி தின்று உயிரைப் பிடித்துக்கொண்டிருந்த காலம் அது. எங்களிடம் அது இல்லை. பக்கத்துத் தோட்டத்து லயங்களில் கிழங்கு அவித்த மணம் வரும்போது எனக்கு அம்மாவைப் பார்க்கவே பிடிக்காது. பள்ளிக்கூடத்தில் பிள்ளைகள் மேசையில் தலையை வைத்துப் படுத்துவிடுவார்கள். எழுப்ப எனக்கு மனம் வராது. கடைசிக் காம்பராவில் ஒரு கைக்குழந்தை போய்விட்டது. காய்ச்சல் என்றார்கள். காய்ச்சலாவது மண்ணாங்கட்டியாவது. தாய்க்குப் பால் இல்லை, அதுதான்.

அந்தக் காலத்திலும் சனம் மழை பெய்யாத நாளில் தன் கன்றுக்குத் தண்ணீர் ஊற்றியது. அதை நினைத்தால்தான் எனக்கு இன்றும் வயிறு எரிகிறது.

மழை முடிந்து ஐயா வந்தார். எங்களைப் பார்த்துத் திடுக்கிட்டார். ஆட்கள் மெலிந்து பாதியாகி, வாசல் பச்சையாகி நின்றது அவருக்கு. கன்று கன்றாக நடந்து பார்த்தார், படத்தில் புள்ளி வைத்தார். பிறகு பள்ளிக்கூட மேசையில் உட்கார்ந்து, எல்லாரும் பார்த்திருக்க, கரும்பச்சைப் பென்சிலை எடுத்துச் சாம்பல் கோட்டைச் சுற்றிப் பூசினார். அவசரப்படாமல், விளிம்பு பிசகாமல் பூசினார். அம்மா மூச்சு விடாமல் பார்த்தாள். முடிந்ததும் முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "கீழ உள்ளதும் நம்மளுதும் ஒரே கலருதானே ஐயா?" என்று கேட்டாள்.

"ஒரே நிறந்தான் அம்மா."

அன்றைக்கு லயத்தில் எல்லாரும் வெறும் தேத்தண்ணீரைக் குடித்துவிட்டுத் திருவிழா மாதிரிச் சிரித்துப் பேசிக்கொண்டிருந்தார்கள். நானும்தான். மரவள்ளிச் சண்டையில் அம்மாதான் சரி என்று அன்று நம்பினேன்.

சில மாதத்தில் கிராமத்துப் பள்ளிக்கூடத்தில் காணிக் கச்சேரி வைத்தார்கள். யாருக்கு எந்தத் துண்டு என்று பெயர் கூப்பிட்டுக் கொடுக்கிற கூட்டத்துக்கு அந்தப் பெயர். இந்தியாவிலிருந்து வந்த கூட்டம் என்று பிரசா உரிமை கிடைக்காத நாங்கள் அதில் கேட்க முடியாது. ஆனாலும் போனோம். நமக்குத்தான் பச்சை இருக்கிறதே, அதில் கை வைக்க மாட்டார்களே என்ற தைரியம். படத்தைச் சுவரில் அடித்திருந்தார்கள். அதே படம்தான், அதே பச்சை. அதன் மேல் வேறு யாரோ ஒருவர் சிவப்பு மையால் அடிமட்டம் வைத்துச் சதுரம் சதுரமாகக் கோடு இழுத்திருந்தார். எங்கள் வாசலில்தான் அந்தச் சிவப்பு ஆக நெருக்கமாக இருந்தது.

ஒரு உத்தியோகத்தர் குச்சியால் எங்கள் லயத்தைத் தொட்டுச் சிங்களத்தில் விளக்கினார். பாதை பக்கத்தில் இருக்கிறது, தண்ணீர் இருக்கிறது, பலாவும் கமுகும் ஏற்கெனவே பிடித்து வளர்ந்து நிற்கிறது, கஷ்டப்பட்ட குடும்பங்களுக்கு முதலில் கொடுக்க இதைவிட நல்ல இடம் இல்லை என்றார். சனம் கை தட்டியது. மலையின் அடுத்த பக்கத்தில் வெறும் பாறையும் புல்லுமாகக் கிடந்த ஒரு லயம் இருந்தது. அது சாம்பலாகவே கிடந்தது, அதை யாரும் கேட்கவும் இல்லை. அங்கே இருந்தவர்கள் அப்படியே இருந்துகொண்டார்கள்.

அம்மாவுக்குச் சிங்களம் நன்றாக விளங்கும். நான் ஒன்றும் சொல்ல வேண்டியிருக்கவில்லை. அவள் எழுந்து வெளியே போனாள்.

எங்கள் காம்பரா வாசல் விழுந்தது கீழ்வீட்டு அக்காவின் மருமகனுக்கு. அன்று பின்னேரமே அவள் ஓடிவந்து அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டாள். "மங் மொகுத் தன்னெ நே, அக்கே" என்று அழுதாள். எனக்கு ஒன்றும் தெரியாது அக்கா என்று அதையே திருப்பித் திருப்பிச் சொன்னாள். தெரியாதுதான். அவள் பொய் சொல்கிற ஆள் இல்லை. அம்மா கையை உதறவும் இல்லை, ஆறுதல் சொல்லவும் இல்லை. அவள் போன பிறகு, "குடுத்தவ வீட்டுக்கே போகுது, போகட்டும்" என்று மட்டும் சொன்னாள். மருமகனுக்கும் நிலம் வேண்டும்தானே, அவனும் பிள்ளைகுட்டிக்காரன். இதையெல்லாம் இப்போது எழுதுகிறேன். அன்றைக்கு அவனைக் கண்டால் கல்லெடுத்து எறியலாம் போல இருந்தது.

கதை எப்படியோ எட்டி, ஐயா ஒருமுறை வந்தார். லயத்து வாசலில் யாரும் அவருக்கு நாற்காலி போடவில்லை. நான்தான் போய்ப் பேசினேன். பேசினேன் என்ன, கத்தினேன்.

"பச்சையில ஒருத்தரும் கை வைக்கமாட்டாங்கன்னு சொன்னீங்களே!"

"திட்டத்தில அப்பிடித்தான் எழுதினனான், ரீச்சர். மரம் ஒண்டையும் வெட்டக்கூடாது எண்டு. அவை வெட்டேல்லைத்தானே. ஆருக்குக் குடுக்கிறது எண்டது வேற கந்தோரின்ர வேலை. என்னட்டக் கேக்கவும் இல்லை."

"ஒங்க படத்துல பீலி இருக்கு, பாதை இருக்கு, ஒவ்வொரு கமுகங்கன்னுக்கும் புள்ளி வெச்சீங்க. நாங்க எங்கங்க அதுல? காட்டுங்க, எங்க இருக்கோம்?"

அவர் மெதுவாக, "ஆக்களைக் கீறுறது வழக்கமில்லை, ரீச்சர்" என்றார்.

அது உண்மை. அவர் படித்த படிப்பில் அதற்கு ஒரு நிறம் இல்லை. அவர் கெட்டவராக இருந்திருந்தால் எனக்கு எவ்வளவோ லேசாக இருந்திருக்கும். நன்றாகத் திட்டிவிட்டு மறந்திருப்பேன். இறங்கிப் போகும்போது வழியில் நின்று கன்று ஒன்றைத் தொட்டுப் பார்த்தார். அதைக் கண்டு எனக்கு இன்னும் ஆத்திரம் வந்தது. அதற்குப் பிறகு அவரை நான் கண்டதில்லை.

எங்களை ஏற்றிப்போக லொறி வந்தது. புளத்கொகுபிட்டியவுக்கு மேலே அரசாங்கம் எடுத்த தேயிலைத் தோட்டம் ஒன்றில் காம்பரா இருப்பதாகச் சொன்னார்கள். சாமான் ஏற்றும்போது சிலர் கத்தியோடு வாசலில் இறங்கித் தாங்கள் வைத்த மரங்களை வெட்டினார்கள். யாரும் தடுக்கவில்லை. அம்மா வெட்டவில்லை. ஒரு சின்னப் பலாக்கன்றைச் சுற்றி ஆழமாகத் தோண்டி, தாய்மண்ணோடு எடுத்து, பால் வாளிக்குள் இறக்கி வைத்தாள். லொறியில் சட்டி பானையெல்லாம் உருண்டது. அவள் வாளியை மட்டும் இரண்டு காலுக்கும் நடுவில் வைத்துப் பிடித்துக்கொண்டு வந்தாள்.

புதுத் தோட்டத்தில் எங்களுக்குக் காம்பராவைக் காட்ட வந்த கணக்கப்பிள்ளை மரியாதையான மனுஷன். நம் ஆள்தான். அடுப்புக்கு விறகு இருக்கிறதா என்றெல்லாம் விசாரித்தார். அம்மா காம்பராவுக்குள் போகவே இல்லை. வாளியோடு லயத்தைச் சுற்றிப்போய் நல்ல இடமாக ஒன்றைப் பார்த்துக் குனிந்து மண்ணைக் கிளறிப் பார்த்தாள்.

"அம்மா, அம்மா, அது வேணாங்க" என்று கணக்கப்பிள்ளை ஓடி வந்தார். "லயத்துப் பக்கம் மரம் வெக்க வுட மாட்டாங்க. அந்தக் காலத்து ஓடர்தான், அரசாங்கம் எடுத்தாலும் மாத்தல. நீங்க தாராளமா மரவள்ளி போட்டுக்குங்க. யாரும் ஒண்ணும் கேக்கமாட்டாங்க."

அம்மா நிமிர்ந்து அவரைப் பார்த்தாள். அவள் வாயைத் திறந்தால் என்ன வரும் என்று எனக்குத் தெரியும், நான் பயந்துபோனேன். ஆனால் அவள் வாளியைத் தூக்கிக்கொண்டு என்னிடம் வந்தாள்.

"இந்தா, புடி. அந்த ஐயாகிட்ட கொண்டுபோய்க் குடு. அவரு படத்துல நட்டுக்கட்டும்" என்றாள்.

நான் வாளியை வாங்கிக்கொண்டு நின்றேன். அம்மா காம்பராவுக்குள் போய் அடுப்பு மூட்டத் தொடங்கினாள்.